மூக்கைத் துடைக்கக் கூடாத நாள்

தெமிர்கானைப் பற்றி எங்கள் கிர்கிஸ் மலை ஊர் அட்-பாஷியில் யாரைக் கேட்டாலும் இரண்டு விஷயம் சொல்வார்கள். ஒன்று, அவருடைய வேனில் ஏறினால் நரின் நகரம் போய்ச் சேருவதற்குள் உங்கள் வீட்டு ரகசியம் முழுக்க அவருக்குத் தெரிந்துவிடும். இரண்டு, கோமுஸ் வாத்தியத்தை வாசிக்கும்போது அவர் மூக்கைத் துடைப்பார். முதலாவதை எச்சரிக்கையாகவும் இரண்டாவதைப் பெருமையாகவும் சொல்வார்கள்.

மூக்கைத் துடைப்பது அவருடைய கெட்ட பழக்கம் என்று நினைத்துவிட வேண்டாம். 'குதிரை தேடியவள்' என்று எங்கள் பள்ளத்தாக்கில் ஒரு மெட்டு உண்டு. சாம்பல் குதிரையைத் தொலைத்த ஒருத்தி மூன்று கணவாய் தாண்டித் தேடிப் போகிறாள். கோமுஸுக்கு இருப்பது மூன்றே நரம்பு, பாட்டுக்கு வார்த்தையும் கிடையாது. ஆகவே கதையைக் கைதான் சொல்ல வேண்டும். முதல் கணவாயில் வலது கை குளம்பு மாதிரிப் பலகையில் தட்டும். இரண்டாவதில் நெற்றிக்கு மேலே போய் வெயிலை மறைத்துத் தூரம் பார்க்கும். மூன்றாவதில் இடது கை மட்டும் தனியாக நரம்பைச் சுண்டிக்கொண்டிருக்கும். வலது கை மேலே வந்து, புறங்கையால் மூக்கை ஒரே இழுப்பாகத் துடைத்துவிட்டுத் திரும்ப நரம்புக்குப் போகும். குதிரை கிடைக்கவில்லை, அழுதாகிவிட்டது, இனி நடந்துதான் ஆக வேண்டும் என்பதெல்லாம் அந்த ஒரு இழுப்பில் வந்துவிடும். கல்யாண வீட்டில் இந்த இடம் வந்தால் பெண்கள் சிரிப்பார்கள், சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்துக்கொள்வார்கள்.

கானிஷாய் அப்படிச் சிரித்தவள்தான். இருபத்தாறு வருடத்துக்கு முன்னால் யாருடைய கல்யாணத்திலோ, பொரித்த மாவு வில்லைகள் குவிந்த தட்டை ஏந்திக்கொண்டு போனவள் அப்படியே நின்றுவிட்டாள். மூக்கை இவ்வளவு அழகாகத் துடைக்கும் ஆளைத் தான் பார்த்ததே இல்லை என்று தோழியிடம் அவள் சொன்னது தெமிர்கான் காதில் விழுந்தது. மனிதர் அன்றைக்கு அதே மெட்டை நான்கு தரம் வாசித்தார். அந்த இலையுதிர் காலத்திலேயே கல்யாணமும் ஆயிற்று.

இப்போது கானிஷாய் மாஸ்கோவில் ஒரு ரொட்டித் தொழிற்சாலையில் இருக்கிறாள். வீட்டுக் கூரையை மாற்ற வேண்டும், ஒரே வருடம், போய்விட்டு வந்துவிடுகிறேன் என்றுதான் கிளம்பினாள். கூரை மாறியது. அதற்குள் மகளுக்குக் கல்யாணம் கூடிவந்தது. அது முடிந்ததும் மாட்டுக் கொட்டகையின் சுவர் சரிந்தது. இப்படியே இரண்டரை வருடம் ஓடிவிட்டது. வீட்டுக்கு வர வேண்டியதெல்லாம் வந்துவிட்டது, வீட்டுக்காரிதான் பாக்கி என்று தெமிர்கான் வேனில் ஏறுகிறவர்களிடம் சொல்லிச் சிரிப்பார். சாயங்காலம் வண்டியை நிறுத்திவிட்டு வீட்டுக்குள் போனால், பேச ஆளில்லாமல் ரேடியோவோடு சண்டை போடுவார்.

அந்தக் கோடையில்தான் தலைநகரிலிருந்து சேதி வந்தது. நாட்டின் விடுதலை நாளன்று பிஷ்கெக் சதுக்கத்தில் ஆயிரம் பேர் சேர்ந்து கோமுஸ் வாசிக்கப் போகிறார்கள். ஒரு வட்டாரத்துக்கு நாற்பது பேர். எங்கள் ஜனத்துக்கு நாற்பது என்றால் ஒரு கிறுக்கு. கொடியில் நாற்பது கதிர், கதைகளில் நாற்பது வீரர், செத்தவருக்கும் நாற்பதாம் நாள். ஆயிரம் பேரும் வாசிக்க வேண்டிய மெட்டு எது என்று பார்த்தால், எங்கள் 'குதிரை தேடியவள்'. கடிதம் வந்த அன்றைக்கு அட்-பாஷியில் யாரும் தரையில் நடக்கவில்லை. ஒஷ் பக்கத்து ஆட்களும் தலாஸ் பக்கத்து ஆட்களும் எங்கள் மெட்டை எங்களைப் பார்த்துக் கற்றுக்கொள்ளப் போகிறார்கள் என்பதில், பாதிப் பேருக்கு விடுதலையைவிட அதிக சந்தோஷம்.

பிறகு வெனேரா வந்தார். அறுபது வயது, ஒல்லி உடம்பு, கழுத்தில் விநாடி எண்ணும் கடிகாரம். ஒரு காலத்தில் நாட்டின் பெரிய நடனக் குழுவில் ஆடியவர். இப்போது ஆயிரம் கைகளை ஒன்றுபோல அசைய வைப்பது அவர் பொறுப்பு. பள்ளிக்கூடத்து விளையாட்டுக் கூடத்தில் நாற்பது பேரையும் நாற்காலியில் உட்கார வைத்து, முதலில் உங்கள் பாணியிலேயே வாசியுங்கள் என்றார். வாசித்தார்கள். மூன்றாம் கணவாய் வந்தது. நாற்பது புறங்கைகள் நாற்பது மூக்குகளைத் துடைத்தன.

 வெனேரா கடிகாரத்தைப் பார்த்தார், கூரையைப் பார்த்தார். பிறகு, முன்வரிசையில் உட்கார்ந்து ஊருக்கெல்லாம் வாயாக இருக்கும் தெமிர்கானிடம் அது என்ன என்று கேட்டார்.

"அழறா, அக்கா. குதிரை கெடைக்கல."

"அழட்டும். கண்ணத் தொடைச்சா ஆகாதா?"

"கணவாய் உச்சியில காத்துல நின்னு பாருங்க. கண்ணுல வர்ற தண்ணி அங்கேயே காஞ்சிடும். மூக்குதான் நிக்காம வரும்."

கூடம் கொல்லென்று சிரித்தது. வெனேராவும் சிரித்தார், ஆனால் விடவில்லை. "எனக்கும் தெரியும் தம்பி. நானும் ஆட்டு மந்தையோட வளந்தவதான். ஆனா அன்னிக்கி வெளிநாட்டுத் தூதருங்கல்லாம் மேடையில ஒக்காந்திருப்பாங்க. ஆயிரம் பேர் ஒரே நேரத்துல மூக்கத் தொடைச்சா என்ன நெனைப்பாங்க? இந்த நாட்டுக்கே சளி புடிச்சிருக்குன்னு நெனைப்பாங்க."

 வெனேரா தன் கையைக் காட்டினார். மூன்றாம் கணவாயில் வலது கை நெஞ்சிலிருந்து புறப்பட்டு, உள்ளங்கை மேலே பார்க்க, மலைப் பக்கமாக மெல்லத் திறக்க வேண்டும். அதற்கு என்ன அர்த்தம் என்று தெமிர்கான் கேட்டார்.

"சுதந்திரம்."

"அப்ப குதிரை?"

"கெடைச்சிருச்சுன்னு வச்சுக்கயேன்."

குதிரை கிடைத்துவிட்டால் அப்புறம் அவள் எதற்கு இன்னும் நடந்துகொண்டே இருக்கிறாள் என்று தெமிர்கான் பின்னால் முணுமுணுத்தது உண்மை. ஆனால் உண்மையை முழுதாகச் சொல்ல வேண்டும் அல்லவா? மூன்றாம் நாள், நாற்பது கைகளும் முதல் தடவையாகச் சேர்ந்து திறந்தபோது கூடத்தில் ஒரு காற்று வீசியது போல இருந்தது. பக்கத்தில் உட்கார்ந்திருந்த கால்நடை வைத்தியர் இஸ்மான், எதற்கும் அசையாத ஆள், தன் முன்கையைத் தெமிர்கானிடம் காட்டினார். மயிர் குத்திட்டு நின்றது. நாற்பதுக்கே இப்படி என்றால் ஆயிரத்துக்கு எப்படி இருக்கும் என்று இருவரும் யோசித்தார்கள். ஒரு நாடு என்றால் இப்படித்தான் இருக்குமோ என்று தெமிர்கானுக்குத் தோன்றியது. அதை யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் வேனில் ஏறுகிறவர்கள் கேலி பண்ணியே தீர்த்துவிடுவார்கள்.

மனசு ஒத்துக்கொண்டது, கைதான் ஒத்துக்கொள்ளவில்லை. முப்பது வருடமாக மூக்குக்குப் போன கை அது. மற்ற முப்பத்தொன்பது பேருக்கும் ஒரு வாரத்தில் படிந்துவிட்டது. தெமிர்கானின் கை மட்டும் நெஞ்சிலிருந்து ஒழுங்காகக் கிளம்பி, பாதி வழியில் பழைய ஞாபகம் வந்து மூக்கை நோக்கித் திரும்பும். ஐயோ என்று அவர் இழுத்துப் பிடித்தால், அது வழி தவறி இஸ்மானின் கல்பாக் தொப்பியைத் தட்டிவிடும். வைத்தியர் நாளைக்கு நாலு தடவை நாற்காலிக்கு அடியில் குனிந்து தொப்பி தேடினார்.

வெனேரா யோசித்து ஒரு வழி கண்டுபிடித்தார். பள்ளிக்கூடத்துச் சமையலறையிலிருந்து கெட்டிலின் அடிக்கரியைச் சுரண்டி வந்து, தெமிர்கானின் வலது புறங்கையில் பூசினார். இனி எத்தனை தரம் கை மூக்குக்குப் போகிறதோ அத்தனை கோடு மூக்கில் விழும். முதல் நாள் ஒத்திகை முடிந்து வேனை எடுத்தபோது, தெமிர்கானின் மூக்கு அடுப்பில் விட்ட உருளைக்கிழங்கு மாதிரி இருந்தது. நரினுக்குப் போகும் கடைசி நடை ஆட்கள் எல்லாம் அவரிடம் ரகசியத்தைப் பறிகொடுத்தவர்கள். பழிவாங்க இதைவிட நல்ல சந்தர்ப்பம் கிடைக்குமா? ஏறும்போதே குனிந்து முகத்தைப் பார்த்து எண்ணினார்கள். ஒன்பது. மறுநாள் ஏழு. வாரக் கடைசியில் ஐந்து. வழியில் கடை போட்டிருக்கும் பெண் வேனின் சன்னல் வழியாக எட்டிப் பார்த்து, என்ன அண்ணே இன்றைக்கு நாட்டுக்கு எத்தனை என்று கேட்பாள். மூன்றாம் வாரம் மூக்கு சுத்தமாக இருந்தது. வண்டியில் எல்லாரும் கை தட்டினார்கள். தெமிர்கானுக்கு என்னவோ ஒரு சாமானைத் தொலைத்த மாதிரி இருந்தது.

கடைசி ஒத்திகையன்று வெனேரா ஒரு பெரிய வட்ட ரொட்டியைக் கொண்டுவந்தார். நாற்பது துண்டாகப் பிய்த்தார். ஒவ்வொருவரும் ரொட்டியைக் கையில் பிடித்துக்கொண்டு, "என் கை திறக்கும்" என்று சொல்லிவிட்டுத் தின்ன வேண்டும். காகிதத்தில் கையெழுத்து வாங்கியிருந்தால் எங்கள் ஆட்கள் சிரித்துக்கொண்டே போட்டுவிட்டு மறந்திருப்பார்கள். ரொட்டியைப் பிடித்துச் சொன்ன வார்த்தையை மீறினால், அப்புறம் எந்த மேஜையில் போய் உட்காருவது? வெனேரா விவரம் தெரிந்தவர். தெமிர்கான் முறை வந்தபோது அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். தெமிர்கான் சொன்னார், தின்றார்.

அன்று சாயங்காலம் கானிஷாய் கூப்பிட்டாள். அவள் கூப்பிட்டால் பேச்சு எப்போதும் ஒரே மாதிரிதான். சாப்பிட்டீர்களா, பசு எப்படி இருக்கிறது, முட்டி வலி தேவலையா. இரண்டரை வருடத்தில் தனக்கென்று ஒரு வார்த்தை கேட்டதில்லை. அன்றைக்கு மட்டும் குரலில் ஏதோ குறுகுறுப்பு. விடுதலை நாளன்று பிஷ்கெக்கில் பத்து மணிக்கு வாசிப்பு ஆரம்பிக்கும்போது மாஸ்கோவில் காலை ஏழு. இவள் வேலை முடித்து வெளியே வரும் நேரம். நேரடியாகப் போனிலேயே பார்க்கலாமாம். கூட வேலை செய்கிறவர்கள் எல்லாரிடமும் சொல்லிவிட்டாளாம், ரஷ்யக்காரி மேற்பார்வையாளர் உட்பட.

"ஏங்க, ஆயிரம் பேரு ஒரே தொப்பி, ஒரே சட்டை. உங்கள நான் எப்படிக் கண்டுபுடிக்கிறது?"

பன்னிரண்டாம் வரிசை, இடமிருந்து பதினேழாவது ஆள் என்று தெமிர்கான் சொன்னார்.

"ஆமா, கேமராக்காரன் வரிசை எண்ணிக் காட்டுவானாக்கும். அதெல்லாம் வேணாம். மூக்கத் தொடைங்க. நீங்க தொடைக்கிறது எனக்குத் தூரத்துல இருந்தே தெரியும்."

பள்ளத்தாக்கிலிருந்து போகும் நாற்பது பேரும் துடைப்பார்கள் என்றுதான் அவள் நினைத்திருந்தாள். அந்த நாற்பதில் தன் ஆளைப் பிரித்தெடுத்துவிடலாம் என்று நம்பிக்கை. ரொட்டி விவகாரம் அவளுக்குத் தெரியாது. தெமிர்கான் சொல்லியிருக்கலாம். வாய் நிறைய ஊர்க் கதை பேசுகிற மனிதர், இந்த ஒன்றைச் சொல்ல வராமல் போனைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சரி என்றார். சொன்ன பிறகுதான், ஒரே கைக்கு இரண்டு பேரிடம் வாக்குக் கொடுத்திருப்பது உறைத்தது.

பிஷ்கெக்கில் அன்றைக்கு அடித்த வெயிலைப் பற்றிச் சொல்லாமல் இருப்பதே நல்லது. மலையிலிருந்து இறங்கிய ஆட்கள், தலையில் கம்பளித் தொப்பி, விடிகாலை ஆறு மணியிலிருந்து தார்த் தரையில் நிற்கிறார்கள். வெனேரா வரிசைகளுக்கு நடுவில் நடந்து கல்பாக்குகளை நிமிர்த்திவிட்டுக்கொண்டே வந்தார். தெமிர்கானிடம் வந்ததும் நின்று, அவருடைய வலது கையை எடுத்து இரண்டு கையாலும் பிடித்துவிட்டு நகர்ந்தார். அதற்குத் திட்டியிருந்தால்கூடப் பரவாயில்லை என்று இருந்தது அவருக்கு.

மெட்டு ஆரம்பித்தது. ஆயிரம் கோமுஸ் சேர்ந்தால் சத்தம் காதில் கேட்பதில்லை, காலுக்கடியில் கேட்கிறது. முதல் கணவாயில் ஆயிரம் கைகள் பலகையில் தட்டின. சதுக்கத்தைச் சுற்றி நின்ற ஜனம் வாயடைத்துப்போனது. தெமிர்கானுக்குக் கண் கலங்கிவிட்டது. பக்கத்தில் நிற்கிற ஆள் ஜலால்-அபாத்தா, சுய் பள்ளத்தாக்கா என்றுகூடத் தெரியாது, ஆனால் அவன் விரல் எப்போது விழும் என்று இவருக்குத் தெரிந்தது. இரண்டாவது கணவாயில் ஆயிரம் பேர் கையை நெற்றிக்கு வைத்துத் தூரம் பார்த்தார்கள். அப்போதுதான் தெமிர்கான் முடிவு செய்தார். ஆயிரம் கைகள் திறக்கும்போது ஒன்று திறக்காவிட்டால் நாடு ஒன்றும் குடிமுழுகிப் போகாது. ரொட்டியிடம் அப்புறம் மன்னிப்புக் கேட்டுக்கொள்ளலாம். இவ்வளவு நாள் ஒன்றும் கேட்காதவள் ஒரே ஒரு மூக்கைக் கேட்டிருக்கிறாள். துடைத்தே தீருவது.

மூன்றாம் கணவாய் வந்தது. அவருடைய கை நரம்பை விட்டு விலகியது. நெஞ்சுக்கு வந்தது. பிறகு, அவர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, அவரைக் கேட்காமல், வழியில் எங்கும் தயங்காமல், உள்ளங்கை மேலே பார்க்க மலைப் பக்கம் அழகாகத் திறந்தது. ஆயிரத்தோடு ஆயிரமாகத் திறந்தது. அவர் திரும்ப இழுப்பதற்குள் அது நரம்புக்கு வந்து வேலையைப் பார்க்க ஆரம்பித்துவிட்டது. மூன்று வாரத்துக் கரி வீண் போகவில்லை.

முடிந்ததும் ஒவ்வொருவருக்கும் ஒரு பாராட்டுச் சான்றிதழும் மின்சாரக் கெட்டில் ஒன்றும் கொடுத்தார்கள். வெனேரா தேடிவந்து, உன்னை நினைத்துத்தான் ராத்திரியெல்லாம் தூக்கமில்லை, கடைசியில் உன் கைதான் எல்லாவற்றிலும் அழகு என்று தெமிர்கானைக் கட்டிக்கொண்டார். வெனேரா நிஜமாகவே சந்தோஷப்பட்டார், கண்ணில் தெரிந்தது. தெமிர்கான் கெட்டிலை மார்போடு அணைத்துக்கொண்டு நின்றார்.

திரும்பி வரும் பஸ்ஸில் நாற்பது பேரும் தங்களுக்காக ஒரு தடவை 'குதிரை தேடியவள்' மெட்டை வாசித்தார்கள். தூதர்கள் யாரும் இல்லாததால் எல்லாரும் மூக்கைத் துடைத்தார்கள். டிரைவர்கூடத் துடைத்தான் என்று கேள்வி. தெமிர்கான் மட்டும் வாசிக்கவில்லை. ஊரிலேயே அதிகம் பேசுகிற ஆள் முன்னூறு கிலோமீட்டரும் வாயைத் திறக்காமல் வந்ததைப் பார்த்து, வெயில் அடித்துவிட்டது என்று இஸ்மான் அவர் நாக்கை நீட்டச் சொல்லிப் பார்த்தார். அவருக்குத் தெரிந்த வைத்தியம் அது.

மறுநாள் காலை பத்து மணி வரைக்கும் தெமிர்கான் போனைத் தொடவில்லை. கேமரா என் பக்கம் வரவே இல்லை என்று சொல்லலாம். சூரியன் கண்ணில் அடித்தது என்று சொல்லலாம். வேனைக் கழுவிக்கொண்டே நாலைந்து காரணம் தயார் செய்து வைத்திருந்தார். கானிஷாயே கூப்பிட்டுவிட்டாள். திரையில் அவள் முகத்தைச் சுற்றி இன்னும் நாலு முகம், எல்லாம் வெள்ளைத் தொப்பி போட்ட ரொட்டிக்காரிகள். இவர் முகம் தெரிந்ததும் ஐந்து பேரும் ஒரே நேரத்தில் புறங்கையால் மூக்கைத் துடைத்தார்கள். பிறகு சிரித்த சிரிப்பில் போன் ஆடியது.

"பாத்தோம்ங்க. எல்லாரும் பாத்தோம். நீங்க மூக்கத் தொடைச்சதும் இவங்க ஒரே கூச்சல். இந்தத் தாஜிக்காரப் பொண்ணு மெஹ்ரி, நேத்து ராத்திரியில இருந்து யார் எதிர்ல வந்தாலும் தொடைக்கிறா. எங்க மேற்பார்வை தமாரா பெத்ரோவ்னா இருக்காங்களே, அந்த அம்மாகூட இன்னிக்கி எனக்கு வணக்கம் சொல்லல, மூக்கத் தொடைச்சிட்டுத்தான் உள்ள போனாங்க. இங்க கிர்கிஸ்காரங்கன்னா இனி இதுதான்."

வெனேரா எதற்குப் பயந்தாரோ அது மாஸ்கோவில் நடந்தே விட்டது என்று தெமிர்கானுக்கு ஒரு கணம் சிரிப்பு வந்தது. அடுத்த கணம் விஷயம் புரிந்தது. வெயிலுக்கு யாரோ ஒருத்தன், எந்த ஊர்க்காரனோ, வேர்வை வழிந்த மூக்கைத் துடைத்திருக்கிறான். கேமரா சரியாக அவனைப் பிடித்திருக்கிறது. ஆமாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். ஐந்து பேரும் சந்தோஷமாக வீட்டுக்குப் போவார்கள். தயார் செய்து வைத்த காரணம் ஒன்றுகூடத் தேவையில்லை.

அவர் முகம் மாறியதைப் பார்த்து, கானிஷாய் மற்றவர்களை அனுப்பிவிட்டுப் போனை எடுத்துக்கொண்டு வெளியே வந்தாள். பின்னால் மாவு மூட்டை இறக்கும் முற்றம் தெரிந்தது. ஒரு மரப்பெட்டியின் மேல் உட்கார்ந்தாள்.

"அது நான் இல்ல" என்றார் தெமிர்கான். "நான் தொடைக்கல. தொடைக்கணும்னுதான் இருந்தேன். கை தானாத் தெறந்துடுச்சு."

ரொட்டியை, கரியை, வெனேராவை, எல்லாவற்றையும் சொன்னார். சொல்லச் சொல்ல அவள் முகத்தில் கோபம் வரும் என்று எதிர்பார்த்தார். வரவில்லை.

"தெரியும்ங்க" என்றாள்.

தெமிர்கானுக்குப் புரியவில்லை.

"தொடைச்ச ஆளுக்கு முப்பது வயசுகூட இருக்காது. கருகருன்னு மீசை வேற. உங்களுக்கு ஏது மீசை?" சிரிக்கப் பார்த்தாள், சிரிப்பு பாதியில் நின்றுவிட்டது. "பக்கத்துல எல்லாரும் எங்க, உன் வீட்டுக்காரர் எங்கன்னு கேட்டுட்டே இருந்தாங்க. நானும் ஒவ்வொரு மொகமாத் தேடறேன். ஆயிரம் பேரும் ஒரே மாதிரி இருக்காங்க. உங்களத் தெரியல. பயந்துட்டேங்க. ரெண்டரை வருஷத்துல உங்க மொகமே எனக்கு மறந்துபோச்சோன்னு பயந்துட்டேன். அப்பத்தான் அவன் தொடைச்சான். இவர்தான்னு கையக் காட்டிட்டேன். வேற என்ன பண்றது?"

தெமிர்கான் தொப்பியைக் கழற்றிப் பக்கத்தில் வைத்தார். பேசுவதற்கு வேனில் ஒருநாளும் திணறாத மனிதருக்கு வார்த்தை ஒவ்வொன்றாகத்தான் வந்தது.

"ஒனக்கு ஒண்ணும் மறக்கல. எங்களப் பெத்தவங்க வந்து நின்னிருந்தாலும் எங்களத் தெரிஞ்சிருக்காது. நாங்க அப்படி வாசிச்சோம்."

"நல்லாத்தான் இருந்துச்சு" என்றாள் அவள். "அதையும் சொல்லணும். எல்லாக் கையும் தெறந்தப்ப தமாரா பெத்ரோவ்னா அழுதுட்டாங்க. எனக்கும் நம்ம ஜனம்னு நெஞ்சு அப்படியே பொங்குச்சு. ஆனா நான் ஜனத்தப் பாக்க நிக்கலயே."

முற்றத்தில் யாரோ மூட்டையைப் போடும் சத்தம் கேட்டது. கானிஷாய் கண்ணைத் தலைத்துணியால் ஒற்றிக்கொண்டாள். பிறகு, இப்போது வாசியுங்கள் என்றாள். தான் ஒருத்திதான் பார்க்கப்போவது, எப்படி வேண்டுமானாலும் வாசிக்கலாம் என்றாள்.

தெமிர்கான் சமையலறைக்குப் போய், போனைச் சர்க்கரை டப்பாவில் சாய்த்து நிறுத்தினார். கோமுஸை மடியில் வைத்துச் சுருதி சேர்த்தார். வாசித்தார். வெறும் சமையலறையில் ஒரு கோமுஸின் சத்தம் மெலிவாகத்தான் இருந்தது. முதல் கணவாய் போயிற்று, இரண்டாவது போயிற்று. மூன்றாவது வந்தபோது வலது கை நரம்பை விட்டு விலகியது அவருக்குத் தெரியும். திரையில் கானிஷாய் அழுதுகொண்டிருந்தாள், அழுகைக்கு நடுவில் எதையோ பார்த்துச் சிரிக்கவும் செய்தாள். கை எந்தப் பக்கம் போனது என்று அவர் கவனிக்கவில்லை. அவள் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.